என்ரை நேர்த்தியும் அவன்ரை தோளும்

என்ரை மகன் ஒன்பது வருஷம் சம்பளத்துக்குப் பேஸ்போல் விளையாடினவன். அமெரிக்காவிலை. இதைச் சொன்னால் சிட்னியிலை வென்ட்வேர்த்வில் கடைத்தெருவிலை எங்கடை சனம் கேக்கிற முதல் கேள்வி, "அது ஊரிலை தடியாலை பந்தடிக்கிற எங்கடை எல்லே மாதிரித்தானே?" என்னவோ, ஓம் எண்டு சொல்லிப்போட்டு மரக்கறிப் பையோடை வந்திடுவன். ரெண்டாவது கேள்வி, "அப்ப என்ன படிச்சவர்?" அதுக்கு நிண்டு பதில் சொல்ல எனக்குப் பொறுமை இல்லை. நான் கொஞ்சம் கோவக்காரன். மனிசியைக் கேட்டால், கொஞ்சம் எண்ட சொல்லை வெட்டச் சொல்லுவா.

அவனும் தொடங்கினது கிரிக்கெட்டிலைதான். சனிக்கிழமை காலமையிலை நான் மடக்குக் கதிரையைக் கொண்டுபோய் மர நிழலிலை போட்டுக்கொண்டு இருப்பன். அவனை எப்பவும் எல்லைக்கோட்டிலைதான் நிப்பாட்டுவினம். அங்கையிருந்து எறிஞ்சால் பந்து விக்கெட் கீப்பரின்ரை நெஞ்சுக்கு நேரை வரும். பதின்மூண்டு வயதுப் பெடியனுக்கு அது கூடின கை. பக்கத்து மைதானத்திலை பேஸ்போல் பழக்கிற ஒரு வெள்ளைக்கார மனிசன் அதைப் பாத்துப்போட்டு என்னட்டை வந்தார். குளிர்காலத்திலை கிரிக்கெட் இல்லைத்தானே, அந்த மாசங்களிலை எங்களோடை விடுங்கோ, கிரிக்கெட்டுக்கும் உதவும் எண்டார். நானும் ஒரு விசரன், நம்பி விட்டனான். ரெண்டு குளிர்காலம் போக, கிரிக்கெட் மட்டை கராஜுக்குள்ளை போய்ச் சேர்ந்திட்டுது.

பதினேழு வயதிலை அமெரிக்கக் கிளப் ஒண்டின்ரை ஆள் வீட்டை வந்தார். எங்கடை சோபாவிலை இருந்து மனிசி பொரிச்ச மீன் ரோல்ஸ் நாலு சாப்பிட்டுப்போட்டு, ஒப்பந்தக் கடதாசியை எடுத்து வைச்சார். பதினெட்டு ஆகாததாலை தகப்பன் கையெழுத்து வைக்கவேணும். மூண்டு நாள் நான் வைக்கேல்லை. யூனிக்குப் போகட்டும், பேந்து விளையாடட்டும் எண்டு கத்தினன். அவன் திருப்பிக் கத்தேல்லை. நான் பாண் பேக்டரி வேலையாலை வர, மேசையிலை பேனையை வைச்சுக்கொண்டு எதிர்க் கதிரையிலை பேசாமல் இருப்பான். மூண்டாம் நாள் வைச்சிட்டன். மனிசி அந்தக் கடதாசியைச் சாமியறைக்குக் கொண்டுபோய் விளக்கடியிலை வைச்சுக் கும்பிட்டா.

அவன்ரை இடம் வலதுபக்கக் கடைசி. ரைட் பீல்ட் எண்டு சொல்லுவினம். அடிக்கிறவனிட்டை இருந்து ஆகத் தூரத்திலை மூண்டு பேர் நிப்பினம், அவையிலை ஒருத்தன் இவன். மூண்டு மணித்தியாலம் நிண்டால் பந்து ரெண்டு தரம் வரும். சில நாள் அதுவும் வராது. இதுக்கோ இவனைப் பெத்து வளர்த்தனான் எண்டு எனக்கு முதல் வருஷம் பத்திக்கொண்டு வந்தது. பிறகுதான் விளங்கிச்சுது. வாற அந்த ஒரு பந்தை எடுத்து, எதிராளி ஓடி முடிக்கிறதுக்கு முன்னம், எண்பது தொண்ணூறு மீற்றர் தூரத்துக்கு, நிலத்திலை ஒரு குத்தோ குத்தாமலோ, பிடிக்கிறவன்ரை கைக்கு அனுப்பவேணும். அந்த இடத்திலை நிக்கிறவனுக்கு அடி கொஞ்சம் குறைஞ்சாலும் பொறுப்பினம், கை குறைஞ்சால் பொறுக்கமாட்டினம். இவன்ரை சோறே அந்தத் தோளிலைதான் இருந்தது.

அமெரிக்காவிலை இந்த விளையாட்டுக்குப் படிப்படியா வகுப்பு இருக்கு. ஆகக் கீழ்ப்படியிலை, பாலைவனத்து ஊர் ஒண்டிலை தொடங்கினவன். ஒரு அறை வீட்டிலை ஆறு பேர். பத்து மணித்தியாலம் பஸ்ஸிலை போய் விளையாடிப்போட்டு, அதே பஸ்ஸிலை நித்திரை கொண்டு அடுத்த ஊருக்குப் போவினம். பாணும் கச்சான் பட்டரும் தின்று அலுத்துப்போய், "அம்மா, பருப்புக்குத் தேங்காய்ப்பால் எப்ப விடுறது?" எண்டு தாய்க்குப் போன் எடுப்பான். ஒரு வருஷம் ஒரு படி ஏறுவான், அடுத்த வருஷம் அரைப்படி இறக்கிவிடுவினம். ஏழு வருஷத்திலை ஆக மேல்மட்டத்துக்கு ஒரு படி கீழை வந்து நிண்டான். நான் பேக்டரியிலை காலமை பத்து மணி ஓய்வு நேரத்திலை போனிலை பாப்பன். அங்கை அது முதல்நாள் பின்னேரம். கமராக்காரன் எறியிறவனையும் அடிக்கிறவனையும்தான் காட்டுவான். ரைட் பீல்டிலை நிக்கிற என்ரை பிள்ளை தொப்பியைக் கழட்டி வேர்வை துடைக்கிறதை எப்பவாவது ஒருக்கால் காட்டினால், அண்டைக்கு எனக்கு அது போதும்.

மனிசி தன்ரை பக்கத்தாலை பெருமாளைப் பிடிச்சுக்கொண்டா. மாசம் ஒருக்கால் ஹெலன்ஸ்பர்க் கோயிலுக்குப் போய் அவன்ரை பேர், நட்சத்திரம் சொல்லி அர்ச்சனை. மகன் மேல்மட்டத்துக்குப் போகவேணும், அவ்வளவுதான் அவவின்ரை மனு. நான் கோயிலுக்குக் கார் ஓட்டுற ஆள் மட்டும். அவ உள்ளை போக, நான் கன்ரீனிலை மசாலாத்தோசை சாப்பிட்டுப்போட்டுக் கார்க் கதவைத் திறந்து வைச்சுக்கொண்டு இருப்பன். பெருமாளுக்குப் பேஸ்போல் சட்டம் தெரியுமோ எண்டு கேட்டு அவவைச் சீண்டுவன். வாயைக் கழுவுங்கோ எண்டு ஏசுவா.

எட்டாம் வருஷம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, கோயிலுக்குப் போற வழியிலை காருக்கை போன் வந்தது. அடுத்த மாசம் தன்னை மேலை கூப்பிடக்கூடும் எண்டு மனேச்சர் சொன்னவராம். மனிசி அழத் தொடங்கிட்டா. அவன் சந்தோஷத்திலை கதைச்சுக்கொண்டே போனான். மேலை போனால் நிரந்தரமா அங்கை இருக்கிறதுக்குக் கடதாசி அலுவல் பாக்கலாம், ஒரு வீடு பாக்கலாம். "இனி நான் இஞ்சைதான் அப்பா. நீங்கள் ரெண்டு பேரும் வந்து வந்து பாருங்கோ" எண்டான். நானும் என்ரை அப்பரிட்டை ரெண்டு வருஷத்திலை வாறன் எண்டு சொல்லிப்போட்டு வெளிக்கிட்டு வந்தனான். அவரின்ரை செத்தவீட்டுக்கும் போகக் கிடைக்கேல்லை. இவனும் அந்த வழியிலைதான் போறான் எண்டு எனக்குப் பட்டுது.

அண்டைக்கு நான் கன்ரீனுக்குப் போகேல்லை. மனிசி அர்ச்சனைச் சிட்டு எடுக்க வரிசையிலை நிக்க, நான் காலைக் கழுவிப்போட்டு மற்றப் பக்கத்தாலை உள்ளை போனன். கும்பிடத் தெரியாத ஆள் மாதிரி நிண்டன். பிறகு சொன்னன். அவனை எனக்குத் திருப்பித் தா. வீட்டை அனுப்பு. அனுப்பினால் உன்ரை வீதியைச் சுத்தி உருண்டு பிரதட்டை செய்யிறன். அந்த நேரம் நினைச்சது ஒருத்தியைக் கலியாணம் முடிச்சு வருவான், இல்லாட்டி அலுத்துப்போய் வருவான் எண்டுதான். எப்பிடி அனுப்பவேணும் எண்டு நான் சொல்லேல்லை. பத்தடி தள்ளி அதே பெருமாளிட்டை மனிசி நேரெதிராக் கேட்டுக்கொண்டு நிண்டா.

மூண்டு கிழமையாலை ஒரு நாள் காலமை, நான் லீவு. கொத்துரொட்டிக்குச் சொல்லிப்போட்டுக் கடை வாசலிலை போனைப் பாத்துக்கொண்டு நிண்டன். வலதுபக்கம் ஆழமா ஒரு அடி. இவன் ஓடிப்போய், சுவரடியிலை பந்தை எடுத்துத் திரும்பி எறிஞ்சான். பந்து நேரை வந்து பிடிக்கிறவன்ரை கையிலை விழ, ஓடி வந்தவன் அவுட். சனம் எழும்பிக் கைதட்டுது. அந்த எறி சரியா வந்தது, அதுதான் கொடுமை. கமரா திரும்பிப் பாக்க, இவன் புல்லிலை முழங்காலிலை இருக்கிறான். வலது கை தொங்குது. கடைக்காரப் பெடியன் "அங்கிள், கொத்து" எண்டு ரெண்டு தரம் கூப்பிட்டவனாம். எனக்குக் கேக்கேல்லை.

அங்கை தோளை வெட்டிச் சரிபண்ணிப் பாத்தினம். ஒரு வருஷம் பயிற்சி. திரும்ப எறிஞ்சு பாத்தான், பந்து பாதி வழியிலை விழுந்தது. பிறகு ஒரு நாள் மனேச்சரின்ரை அறைக்குக் கூப்பிட்டுக் கையைக் குடுத்து, நன்றி சொல்லி அனுப்பிவிட்டினம். ஐஞ்சு நிமிஷமும் எடுக்கேல்லையாம். ரெண்டு பையோடை சிட்னி எயார்போட்டாலை வெளியிலை வந்தான். நான் அவனைக் கட்டிப்பிடிச்சன். பொய் சொல்லேலாது, எனக்குச் சந்தோஷமா இருந்தது. ரெண்டு கிழமை நான் பிட்டும் மீன்குழம்புமாக் கொண்டாடினன். ஒரு நாள் குசினியிலை மேல் அலுமாரியிலை கிடந்த பால்மா ரின்னை எடுக்கப்போனவன், வலது கையைத் தூக்கினான். தோளுக்கு மேலை போகேல்லை. நான் பாக்கிறதைக் கண்டிட்டு இடது கையாலை எடுத்தான். அண்டைக்குத்தான் நான் என்ன கேட்டனான் எண்டது எனக்கு விளங்கினது.

போன வருஷம் மெல்பேர்ணிலை ஒரு குழு, ஒரு நாள் வந்து எறிஞ்சு காட்டச் சொல்லிக் கேட்டுது. அங்கையும் சம்பளத்துக்கு விளையாட்டு இருக்கு, சின்ன அளவிலை. நானும் கூடப் போனன். கிளென் வேவர்லியிலை மனிசியின்ரை தங்கச்சி வீட்டிலை தங்கினனாங்கள். அந்த வீட்டிலை எந்தத் தெருவுக்கு எந்தப் பள்ளிக்கூடம் எண்ட கதையை விட்டால் வேறை கதை இல்லை. சாப்பாட்டு மேசையிலை சகலன், "இனி என்ன பிளான் தம்பி? ஐ.டி. கோர்ஸ் ஒண்டு செய்யலாமே" எண்டான். எனக்கு வாய் வரைக்கும் வந்தது. மகன் மேசைக்குக் கீழாலை என்ரை காலைத் தட்டினான்.

அடுத்த நாள் மைதானத்திலை அவன் ரைட் பீல்டிலை போய் நிண்டான். ஐஞ்சு பந்து எறிஞ்சான். முதலாவது மூண்டு தரம் குத்தி உருண்டு வந்தது. ஐஞ்சாவது நடு வழியிலையே நிண்டிட்டுது. அங்கத்தைப் பயிற்சியாளர் நல்ல மனிசன். அவன்ரை இடது தோளிலை கையை வைச்சு, விளையாட ஏலாது, ஆனால் பிள்ளையளுக்குப் பழக்கிற வேலை ஒண்டு இருக்கு, முழுநேர வேலை, யோசிச்சு ரெண்டு மாசத்திலை சொல்லு எண்டார். திரும்பி வரேக்கை பிளேனிலை அவன் யன்னலாலை பாத்துக்கொண்டு வந்தான். "எடுக்கலாம் போல கிடக்கு அப்பா. இனி எறியேலாது எண்டது தெரியுது" எண்டான். நல்லது எண்டன். அவனுக்கு ஒரு வழி திறந்திருக்கு எண்டு எனக்கும் மூச்சு வந்தது.

அந்த மூச்சோடை நான் சும்மா இருந்திருக்கலாம். எனக்குப் பயம் பிடிச்சிட்டுது. பெருமாள் தன்ரை பங்கைச் செய்து முடிச்சிட்டார், நான் வாக்குக் குடுத்த நேர்த்தியை முடிக்கேல்லை. இது இன்னும் எங்கை போய் நிக்குமோ, அவனுக்கு இன்னும் என்ன வருமோ எண்டு இரவிலை எழும்பி இருந்து யோசிக்கத் தொடங்கினன். வாழ்க்கை முழுக்கக் கார்க் கதவடியிலை இருந்து நக்கலடிச்ச ஆள் நான். மனிசியிட்டைச் சொன்னன், "இஞ்சரும், பெருமாளுக்கு ஒரு பிரதட்டை நேர்த்தி இருக்கு. செய்யவேணும்."

அவ கையிலை இருந்த அகப்பையை வைச்சிட்டா. "நீங்களோ? எதுக்கு?"

"பெடியன்ரை விஷயம்" எண்டன்.

அதுக்கு மேலை நான் ஒண்டும் சொல்லத் தேவைப்படேல்லை, மிச்சத்தை அவவே நிரப்பினா. மகன்ரை தோள் சுகமாகிறதுக்கு எண்டு தங்கச்சிக்குப் போன் எடுத்துச் சொன்னா. மகனுக்கும் சொன்னா. சொல்லேக்கை அழுதா. நான் பக்கத்திலைதான் நிண்டனான். இல்லையெண்டு சொல்ல வாய் திறந்தால் அடுத்த வசனம் என்னவெண்டு எனக்குத் தெரியும். திறக்கேல்லை.

கோயில் ஒப்பீஸிலை கேட்க, சனம் குறைஞ்ச நாளா, செவ்வாய்க்கிழமை காலமை வரச்சொல்லிச்சினம். பிரதட்டை எண்டால், வேட்டியை இறுக்கிக் கட்டிக்கொண்டு, ரெண்டு கையையும் தலைக்கு மேலை நீட்டி ஒரு தேங்காயைப் பிடிச்சபடி, கோயிலைச் சுத்தி உடம்பாலை உருண்டு வாறது. ஊரிலை மணல், இஞ்சை கல்லு. உருளுறவன் தானா நேரை போகமாட்டான், ஒரு பக்கம் இழுபட்டுப் போவான். பக்கத்திலை ஒருத்தர் குனிஞ்சு வந்து தள்ளி நேராக்கவேணும். அந்த வேலையை என்ரை மகன் செய்தான், இடது கையாலை.

எனக்கு அறுபத்தாறு வயது, சீனி வியாதி. முதல் பக்கம் ஒருமாதிரி உருண்டிட்டன். வானம், கல்லு, அவன்ரை சப்பாத்தில்லாத கால், வானம், கல்லு. "ஸ்லோவா அப்பா, ஸ்லோவா" எண்டு சொல்லிக்கொண்டே வந்தான். ரெண்டாவது மூலையிலை எல்லாம் சுத்திச்சுது. சத்தி எடுத்தன். மகன் என்னைத் தூக்கிச் சுவரோடை சாய்ச்சு இருத்தித் தண்ணி பருக்கினான். மனிசி சேலைத்தலைப்பாலை முகத்தைத் துடைச்சா. கொஞ்ச நேரம் பாத்திட்டுச் சொன்னா, "ராசா, மிச்சத்தை நீ முடிச்சுவிடு. பெத்த பிள்ளை முடிக்கலாம். உன்ரை தோளுக்குத்தானே அப்பா இந்தப் பாடுபடுறார்."

"வேண்டாம்" எண்டன். "நான் கொஞ்சம் இருந்திட்டுச் செய்யிறன்."

"உங்களாலை எழும்பவே ஏலாமல் கிடக்கு" எண்டா மனிசி.

"இட்ஸ் ஓகே அப்பா" எண்டு அவன் ரீசேட்டைக் கழட்டிட்டான். தோளிலை வெட்டின தழும்பு. தாய் கொண்டுவந்திருந்த மற்ற வேட்டியைக் கட்டிக்கொண்டு, நான் விட்ட இடத்திலை போய்க் குப்புறப் படுத்தான். தேங்காயை வாங்கிக் கையைத் தலைக்கு மேலை நீட்டப் பாத்தான். இடது கை போச்சுது. வலது கை காதுக்குக் கிட்ட வந்து நிண்டிட்டுது. பல்லைக் கடிச்சுக்கொண்டு அதை இன்னும் தள்ளினான். சொல்லு, இப்ப சொல்லு எண்டு எனக்குள்ளை ஆரோ கத்தினமாதிரி இருந்தது. உன்ரை தோளைக் குடுத்து உன்னை வாங்கினவன் நான்தான், எழும்படா எண்டு சொல்லவேணும். அவன் உருளத் தொடங்கிட்டான்.

வலது தோள் கல்லிலை படுற ஒவ்வொரு முறையும் அவன்ரை மூச்சு அறுந்து அறுந்து வந்தது. தாய் குனிஞ்சு "கோவிந்தா, கோவிந்தா" எண்டு தண்ணி தெளிச்சுக்கொண்டு போனா. நான் சுவரைப் பிடிச்சுப் பிடிச்சுப் பின்னாலை போனன். என்ரை நேர்த்தியை அவன்ரை உடம்பு முடிச்சுக்குடுக்குது, நான் அதைப் பாத்துக்கொண்டு போறன். இப்பிடியொரு தகப்பன் எங்கையும் இருப்பான் எண்டு நான் நினைக்கேல்லை.

வாசலடியிலை வந்து எழும்பி இருந்தான். நெத்தியெல்லாம் தூசி. என்னை நிமிர்ந்து பாத்துக் கேட்டான், "அப்பா, நீங்கள் ஒண்டையும் நம்பாத ஆள். பெருமாள் கேட்டதைக் குடுப்பார் எண்டு உண்மையா நம்புறியளோ?"

"ஓம்" எண்டன். அந்தக் கோயிலிலை அண்டைக்கு நிண்டவையிலை அதை என்னைவிட நம்பின ஆள் இல்லை.

கன்ரீனிலை அவன் ரெண்டு தோசை சாப்பிட்டான். தாயோடை சிரிச்சுக் கதைச்சான். ஒரு வருஷத்துக்குப் பிறகு அவன் அப்பிடிச் சிரிச்சதைப் பாக்கிறன். அடுத்த நாள் பின்னேரம் வந்து சொன்னான், மெல்பேர்ண் வேலைக்கு வரேல்லை எண்டு எழுதிப்போட்டானாம். நான் பதறிப்போய், "ஏன் தம்பி, நல்ல வேலையல்லோ, எடுக்கிறன் எண்டனீ" எண்டன்.

"நீங்கள் எனக்காகக் கல்லிலை உருண்டனீங்கள் அப்பா. நான் எப்பிடி விளையாட்டை விடுறது?" எண்டான்.

மனிசி அவன்ரை தலையைத் தடவினா. எனக்கு அந்த இடத்திலையே கத்தவேணும் போல இருந்தது. என்ரை கோவத்துக்குப் பேர்போன வாய், இந்த ஒரு வசனத்துக்கு மட்டும் திறக்குதில்லை. சொன்னால் தோளோடை தகப்பனும் போயிடும் அவனுக்கு. சொல்லாட்டில் அவனுக்கு இருக்கிற வயதும் போகுது. ரெண்டையும் யோசிச்சு யோசிச்சு ஐஞ்சு மாசமாச்சுது.

இப்ப தினமும் காலமை பக்கத்துப் பார்க்குக்குப் போறம். அவன் அந்தப் பக்க வேலியடியிலை நிண்டு எறிவான். நான் இந்தப் பக்கம் விழுகிற பந்துகளைப் பொறுக்கி வாளியிலை போட்டுக் கொண்டுபோய்க் குடுப்பன். இண்டைக்கும் போனனாங்கள். பத்துப் பதினைஞ்சு எறிஞ்சிட்டு, தோளைப் பிடிச்சுக்கொண்டு அங்கையிருந்து சத்தமாக் கேட்டான், "அப்பா, போன கிழமையை விடக் கொஞ்சம் தூரம் வருது, என்ன?"

போன கிழமை நிண்ட அதே இடத்திலைதான் நான் குனிஞ்சு பந்து பொறுக்கிக்கொண்டு நிண்டனான்.

"ஓம் தம்பி, வருது" எண்டன். அவன் அடுத்த பந்தை எடுத்தான்.